முக்கோணக் குண்டம் ஏன் சிறுத்தது? – கடிதம்

அன்புள்ள ஐயா,

ஒட்டுசுட்டானுக்குக் கிட்ட எங்கள் ஊர் அம்மன் கோயிலில் கும்பாபிஷேகம் வருகிறது. நவகுண்ட யாகசாலை, அதாவது ஓமத்தீ வளர்க்கும் ஒன்பது குண்டங்கள். குண்டம் கட்டும் வேலையைப் பார்க்கும் பொறுப்பு எங்கள் இளைஞர்களுக்கு. ஒன்பதும் ஒரு முழச் சதுரத்துக்குச் சமமான பரப்பாக இருக்கவேண்டும் என்றார் ஐயர். கணக்குப் பார்த்து, சதுரத்துக்குப் பக்கம் 18 அங்குலம், வட்டத்துக்கு விட்டம் 20¼, தென்மேற்கு முக்கோணத்துக்குப் பக்கம் 27⅜ என்று எழுதிக் கொடுத்தோம். மேசன் 4 அங்குலத் தடிப்பில் கல் வைத்துக் கட்டினார். வெளியே பிடித்துப் பார்த்தால் எல்லாம் சரி. உள்ளே பார்த்தால் ஒன்றுபோல் ஒன்று இல்லை, முக்கோணம்தான் ஆகச் சிறிது. சமித்து (ஓமக் குச்சி) வைக்கவே இடம் காணாது. எங்கே பிழை?

இன்னும் இரண்டு கேள்விகள். நெருப்பின் வடிவம் முக்கோணம் என்றால் அது அக்கினி மூலையான தென்கிழக்கில் அல்லவா வரவேண்டும்? பக்கத்து முருகன் கோயில் மண்டபத் தரையில் அறுகோணச் சக்கரம் கீறுவதற்கு ஒழுங்கான முறை என்ன?

ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

உங்கள் கணக்கு சரி, மேசனின் வேலையும் சரி. அளவு பிடித்த விளிம்புதான் பிழை. நீங்கள் கொடுத்த அளவுகள் நெருப்பு இருக்கும் குழிக்கு உரியவை. அவை கல்லின் உள்முகத்தில் வரவேண்டும். நீங்கள் வெளிமுகத்தில் பிடித்திருக்கிறீர்கள்.

அப்படியானால் ஒன்பதும் ஒரேயளவில்தானே சிறுத்திருக்க வேண்டும் என்று கேட்பீர்கள். அதுதான் இல்லை. ஒரே பரப்புள்ள வட்டம், சதுரம், சமபக்க முக்கோணம் மூன்றில் வட்டத்துக்குச் சுற்றளவு ஆகக் குறைவு, முக்கோணத்துக்கு மிகக் கூட. உங்கள் அளவுகளில் வட்டத்தின் சுற்று ஏறக்குறைய 64 அங்குலம், சதுரம் 72, முக்கோணம் 82. சுற்று கூடினால் சுவர் தின்னும் இடமும் கூடும். 4 அங்குலச் சுவர் போக, வட்டத்தின் உள்ளே சுமார் 118 சதுர அங்குலம் மிஞ்சும், சதுரத்தில் 100, முக்கோணத்தில் 79 மட்டும். மூன்றும் 324 ஆக இருந்திருக்க வேண்டியவை.

சமபக்க முக்கோணத்துக்கு மேசன்மார் மனதில் வைக்கக்கூடிய கணக்கு ஒன்று உண்டு. சுவர்த் தடிப்பை மூன்றரையால் பெருக்கி உள்பக்கத்தோடு கூட்டினால் வெளிப்பக்கம் வரும். உங்களுக்கு 27⅜ உடன் 14. வெளியே ஏறக்குறைய 41⅜ அங்குலம். ஒவ்வொரு முனையும் உள்முனையிலிருந்து தடிப்பின் இரண்டு மடங்கு, அதாவது 8 அங்குலம், வெளியே நீளும். மூன்று மேகலை (குண்டத்தைச் சுற்றிவரும் படி) வைப்பதென்றால் அவற்றின் அகலத்துக்கும் இதே கணக்குத்தான். பந்தல் கால் நடமுன் இந்த நீட்சியைத் தரையில் கீறிப் பாருங்கள். இல்லாவிட்டால் சிவாச்சாரியார் இருக்கும் இடத்தில் கல்முனை வந்து நிற்கும்.

பூச்சு இன்னும் பூசவில்லையென்றால் பிரித்துக் கட்டச் சொல்லுங்கள். இந்த முறை நூலை நம்பவேண்டாம். நைலோன் நூல் இழுக்க இழுக்க நீளும், முளையின் தடிப்பும் அளவுக்குள் புகுந்துவிடும். மூன்று ரீப்பையை (மெல்லிய மரத்துண்டு) எடுத்து, வெளிவிளிம்பு ஒவ்வொன்றும் சரியாக 27⅜ வரும்படி மூலையில் ஆணி அடித்து ஒரு சட்டம் செய்யுங்கள். சதுரச் சட்டமென்றால் தூக்கும்போது சரிந்துபோகும், குறுக்கே ஒரு சட்டம் அடித்தால்தான் நிற்கும். முக்கோணத்துக்கு அது வேண்டாம். மூன்று பக்க நீளமும் நிலைத்துவிட்டால் கோணம் அசைய வழியில்லை. அந்தச் சட்டத்தை மட்டமாகக் கிடத்தி, அதன் வெளிவிளிம்போடு ஒட்டிக் கல்லை வையுங்கள். முனைகளில் கல்லை 30 பாகைச் சரிவில் வெட்டிப் பொருத்தவேண்டும். வெட்டாமல் களிமண்ணால் நிரப்பினால் சூட்டில் முதலில் வெடிப்பது அந்த முனைதான்.

நடுவை எடுப்பதிலும் பலர் தவறுவதுண்டு. முக்கோணத்தின் உயரம் ஏறக்குறைய 23¾ அங்குலம். அதில் பாதியை நடு என்று எடுக்கக்கூடாது. அடிப்பக்கத்திலிருந்து மூன்றில் ஒரு பங்கில், 8 அங்குலம் மட்டில், நடுப்புள்ளி இருக்கிறது. பாதியில் வைத்தால் குண்டம் முழுவதும் தன் இடத்திலிருந்து 4 அங்குலம் தள்ளிப்போகும்.

இன்னொன்றையும் ஐயரிடம் கேட்டு உறுதிப்படுத்துங்கள். பத்ததியில் (கிரியைமுறை நூல்) வரும் அங்குலம் விரற்கடை. 24 சேர்ந்தால் ஒரு முழம். அளவுநாடாவின் அங்குலத்தில் அது 18 தான். பத்ததியில் 24 என்று இருப்பதை நாடாவில் 24 என்று பிடித்துவிட்டால் பரப்பு ஒன்றே முக்கால் மடங்குக்கு மேல் போய்விடும். முக்கோணத்தின் முனை எந்தப் பக்கம் பார்க்கவேண்டும் என்பதும் அவர் கைக்கொள்ளும் பத்ததிப்படிதான். அதில் நான் தலையிடமாட்டேன்.

கணக்கே போடாமல் சம பரப்புக்கு வரும் வழியும் உண்டு. போதாயனர் சுல்ப சூத்திரத்தில், வேள்வி மேடைக்காகக் கயிறு பிடித்தவர்கள் சொல்லிவைத்தது. கொடுத்த சதுரத்தின் மூலைவிட்டத்தைப் பக்கமாக வைத்து இன்னொரு சதுரம் கீறுங்கள். அதன் பரப்பு முதற்சதுரத்தைப்போல் இரண்டு மடங்கு. மேற்பக்கத்தின் நடுவிலிருந்து கீழிரண்டு மூலைகளுக்கும் கயிறு பிடித்தால் வரும் முக்கோணம் அதில் சரிபாதி, அதாவது முதற்சதுரத்தின் பரப்பு. 18 அங்குலத்துக்கு அடியும் உயரமும் 25½ அங்குலம் மட்டில் வரும். இது சமபக்கமல்ல, இருசமபக்கம். உங்கள் ஐயர் சமபக்கம் கேட்டால் முன்சொன்ன அளவுதான் சரி. ஆனாலும் ஒரு தடவை மணலில் கீறிப் பாருங்கள். எண் ஒன்றும் எழுதாமல் பரப்பைக் கயிற்றாலேயே மாற்றிய அறிவு அது, எனக்கு அதன்மேல் பெரும் மதிப்பு.

இனி அக்கினி மூலை. உங்கள் சந்தேகத்துக்குக் காரணம் இருக்கிறது. உண்மை விளக்கம் என்ற சித்தாந்த நூல் மண்ணுக்கு நாற்கோணம், நீருக்குப் பிறை, நெருப்புக்கு முக்கோணம், காற்றுக்கு அறுகோணம், வானுக்கு வட்டம் என்று வடிவம் சொல்கிறது. நவகுண்டத்தில் அறுகோணம் வாயு மூலையான வடமேற்கில் வந்து பொருந்தியும் நிற்கிறது. ஆனால் மற்றவற்றைப் பாருங்கள். கிழக்கில் சதுரம், தென்கிழக்கில் அரசிலைபோன்ற யோனி, தெற்கில் பிறை, தென்மேற்கில் முக்கோணம், மேற்கில் வட்டம், வடக்கில் தாமரை, வடகிழக்கில் எண்கோணம். பூத வடிவங்களின் வரிசை வேறு, குண்டங்களின் திசைவரிசை வேறு. ஒரு மூலை பொருந்துகிறது என்பதற்காக ஒன்றை வைத்து மற்றதைத் திருத்தப் போகாதீர்கள். முக்கோணம் நெருப்பு என்பது தென்மேற்கிலும் உண்மைதான்.

அறுகோணச் சக்கரம் என்பது ஒன்றோடொன்று கோத்த இரண்டு முக்கோணங்கள். மேல்நோக்கிய முக்கோணம் சிவம், கீழ்நோக்கியது சக்தி. ஸ்ரீசக்கரத்திலும் இந்த வழக்கந்தான்: மேல்நோக்கி நான்கு, கீழ்நோக்கி ஐந்து, அவை வெட்டிக்கொள்வதில் 43 சிறு முக்கோணங்கள். அதைக் கைப்பழக்கமில்லாமல் தொடாதீர்கள், மூன்று கோடுகள் ஒரே புள்ளியில் சந்திக்கும் இடங்கள் ஒன்று பிசகினால் எல்லாம் பிசகும். அறுகோணம் அப்படியல்ல, எவருக்கும் வரும்.

தரையில் ஆணி அடித்து 12 அங்குல ஆரையில் வட்டம் கீறுங்கள். கயிறு வேண்டாம், இரண்டு துளையிட்ட ரீப்பைத் துண்டு போதும். அதே 12 அங்குலத்தை விளிம்பில் ஆறு தடவை அடியெடுத்து வையுங்கள். ஆறாவது அடி தொடங்கிய புள்ளியிலேயே விழவேண்டும். கால் அங்குலம் தள்ளி விழுந்தாலும் அழித்துவிட்டுத் திரும்பத் தொடங்குங்கள், கடைசி அடியில் மட்டும் சரிக்கட்டினால் ஒரு முனை மெலிந்து நிற்கும். பிறகு ஒன்றுவிட்டு ஒன்றைச் சேர்த்தால் இரண்டு முக்கோணமும் வரும், பக்கம் 20¾ அங்குலம். எதிரெதிர் முனைகளைச் சேர்க்கும் மூன்று கோடுகளும் ஆணியின் துளைமேலேயே போகின்றனவா என்று பாருங்கள். ச, ர, வ, ண, ப, வ ஆறு முனைகளிலும் நிற்கும்.

வர்ணம் பூசுபவர்கள் வழமையாக ஒரு முக்கோணத்தை முழுக்கப் பூசி, மற்றதை அதன்மேல் வைத்துவிடுவார்கள். அப்போது ஒன்று மற்றதை மூடிவிடுகிறது, சிவமும் சக்தியும் பிரியாமல் நிற்பது தெரியாமற் போகிறது. ஒவ்வொரு பட்டையும் இரண்டு இடத்தில் வெட்டப்படும். ஓரிடத்தில் மேலே போகட்டும், மற்ற இடத்தில் கீழே போகட்டும். பட்டைக்கு ஓர் அங்குல அகலம் போதும். வெட்டும் ஆறு இடங்களிலும் எது மேலே வருகிறது என்று முதலில் சோக்கால் குறித்துவிட்டு, அதன் பிறகு தூரிகையை எடுக்கச் சொல்லுங்கள்.