வாசகர் கேள்வி பதில்: கொம்பு முன்னால், சத்தம் பின்னால்

கேள்வி: அரசு தொடக்கப் பள்ளியில் இரண்டாம் வகுப்பு எடுக்கிறேன், 26 பிள்ளைகள். க, கா, கி, கீ என்று ராகம் போட்டு ஒப்பிக்கிறார்கள். ஆனால் 'கொடி' என்று பலகையில் எழுதினால் பாதிப் பேர் முழிக்கிறார்கள். பயிற்சிக்குப் போனால், 'ஒழுங்குமுறையோடு, வெளிப்படையாகக் கற்றுக்கொடுங்கள்' என்கிறார்கள். இத்தனை வருஷமாக வேறென்ன செய்துகொண்டிருக்கிறேனாம்?

பதில்: கோபம் புரிகிறது டீச்சர். ஆனால் ராகத்தில் வருவது வரிசை மட்டும்தான். 'கொ'வைத் தனியாகக் காட்டிப் பாருங்கள், க-விலிருந்து ஓடி வந்துதான் பிடிப்பார்கள். அந்த எழுத்தில் கொம்பு முன்னால் நிற்கிறது, கால் பின்னால் நிற்கிறது, 'ஒ' என்ற சத்தமோ 'க்'குக்குப் பிறகு வருகிறது. நமக்குக் கண் பழகிவிட்டதால் இது சிக்கலாகவே தெரிவதில்லை. தானாகக் கண்டுபிடிக்கட்டும் என்று விட்டால் சில பிள்ளைகள் பிடித்துக்கொள்ளும், பெரும்பாலும் வீட்டில் யாராவது சொல்லிக்கொடுத்த பிள்ளைகள். மற்றவர்களுக்கு நாம்தான் வாயைத் திறந்து சொல்ல வேண்டும், வெளிப்படை என்பது அவ்வளவுதான்.

'கொ' எழுதி, "கொம்பையும் காலையும் சேர்த்துப் பார்க்கிறேன், நடுவில் க இருக்கிறது, அதனால் கொ" என்று மனசில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லிக் காட்டுங்கள். அப்புறம் 'மொ', 'தொ' இரண்டையும் வகுப்போடு சேர்ந்து சொல்லுங்கள். 'பொ'வை அவர்களே சிலேட்டில் எழுதி, எல்லாரும் ஒரே நேரத்தில் தூக்கிக் காட்டட்டும். கை தூக்குகிற நாலு பேரை மட்டும் கேட்டால் மீதி 22 பேர் அழகாக ஒளிந்துகொள்வார்கள். தப்பு வந்தால் அந்த நிமிஷமே திருத்துங்கள், நாளைக்கு நோட்டில் சுழிப்பதில் பிரயோஜனம் குறைவு.

ஒழுங்குமுறைக்கு வருவோம். நெடுங்கணக்கு 247 எழுத்துகளை அடுக்கிவைத்த வரிசை, அதே வரிசையில்தான் கற்க வேண்டும் என்றில்லை. ப, ட, ம் தெரிந்தாலே 'படம்' வாசித்துவிடலாம், ட் சேர்ந்தால் 'பட்டம்' பறக்கும். பெரிய தலைவலி உகர வரிசைதான், எழுத்துக்கு எழுத்து வடிவம் மாறும். டு, மு, ரு ஒரு குடும்பம், பு, யு, வு இன்னொன்று, து, நு, லு வேறொன்று, 'கு' யாரோடும் சேராமல் தனியாக நிற்கும். ஒரு குடும்பம் கைக்கு வந்த பிறகு அடுத்ததற்குப் போங்கள், தினமும் முதல் 5 நிமிஷம் பழையதைக் கேட்டுவிட்டு.

கேள்வி: பிள்ளைகள் தாமே கண்டுபிடித்துக் கற்பதுதான் உயர்ந்தது என்று பி.எட்.டில் படிக்கிறோம். நீங்கள் பின்னோக்கிப் போகச் சொல்கிறீர்களா?

பதில்: இல்லை. அமெரிக்காவில் 1968-ல் தொடங்கிய 'ஃபாலோ த்ரூ' திட்டத்தில் ஏழைப் பிள்ளைகளுக்குப் பல கற்பித்தல் முறைகளை வைத்துப் பார்த்தார்கள். 1977-ல் வந்த மதிப்பீட்டில் அடிப்படைத் திறன்களில் முன்னால் நின்றது, ஆசிரியர் படிப்படியாகச் சொல்லிக்கொடுக்கும் நேரடிக் கற்பித்தல். அந்த ஒப்பீடு சரியில்லை என்று சண்டை போட்டவர்களும் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். பிள்ளைகள் அட்டைகளை வைத்துத் தாமே செய்து படித்த நம்மூர்ச் செயல்வழிக் கற்றலிலும், எந்த அட்டைக்குப் பிறகு எது என்று காட்டும் 'ஏணி' என்ற ஒழுங்கு இருந்தது, ஆசிரியர் உதவியோடு படிக்கவென்றே ஒரு குழுவும் இருந்தது. அந்தக் குழுவோடு ஆசிரியர் உட்கார்ந்தாரா, அட்டையைக் கொடுத்துவிட்டுப் பதிவேடு எழுதினாரா என்பதில்தான் விஷயம். இன்னொன்று, பாடம் ஓரளவு பிடிபட்ட பிள்ளைக்குப் போய் ஒவ்வொரு படியையும் விளக்கினால் அது இடைஞ்சல், அங்கே விட்டுவிடுங்கள்.

கேள்வி: ஒன்றாம் வகுப்பு மகள், நாய்ப் படத்துக்குக் கீழே 'குட்டி' என்று இருந்தாலும் 'நாய்' என்றே வாசிக்கிறாள்.

பதில்: படத்தை வாசிக்கிறாள் அம்மா. உள்ளங்கையால் படத்தை மூடிவிட்டு எழுத்துக்கூட்டச் சொல்லுங்கள். தடுமாறினால் நீங்களே ஒருமுறை கூட்டிக் காட்டி, உடனே அவளைச் சொல்லவிடுங்கள். வாசித்து முடித்த பிறகு கையை எடுங்கள்.