பூங்கா இடம் அறக்கட்டளைக்குப் போனால் வழக்குப் போடலாமா?

பூங்காவுக்கு விட்ட இடத்தை நகராட்சி ஓர் அறக்கட்டளைக்குக் குத்தகைக்குக் கொடுத்துவிட்டது, பொதுநல வழக்கு நிற்குமா என்று கேட்டிருக்கிறீர்கள். நிற்க நல்ல வாய்ப்பு உண்டு. பெங்களூரில் பூங்கா இடத்தை ஒரு மருத்துவ அறக்கட்டளைக்குக் கொடுத்தபோது அந்தப் பகுதி மக்கள்தான் வழக்குப் போட்டார்கள். 1991-இல் உச்ச நீதிமன்றம் அது செல்லாது என்றது. 2011-இல் போபால் வழக்கில், விளம்பரம் கொடுக்காமல் ஓர் அறக்கட்டளைக்குத் தந்த 20 ஏக்கர் ஒதுக்கீட்டையும் ரத்து செய்தது. நல்ல காரியத்துக்குத்தானே என்ற வாதம் மட்டும் போதாது.

ஆனால் கையில் காகிதம் இல்லாமல் போகாதீர்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் நகர்மன்றத் தீர்மானம், குத்தகை ஆணை, அங்கீகரித்த மனைப்பிரிவு வரைபடம் மூன்றின் நகலும் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். வரைபடத்தில் அந்த இடத்தின் மேல் ‘பூங்கா’ என்று எழுதியிருந்தால் அதுதான் உங்கள் பெரிய பலம். நகராட்சி ஆணையரிடம் மனு கொடுத்து, உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் வாங்கி வையுங்கள்.

அஸ்திவாரம் தோண்டத் தொடங்கிவிட்டார்கள் என்றால் எதற்கும் காத்திருக்க வேண்டாம், உடனே வழக்கறிஞரைப் பார்த்து இடைக்காலத் தடை கேளுங்கள். கட்டடம் எழும்பிய பிறகு போனால் ஏன் இவ்வளவு தாமதம் என்றுதான் முதலில் கேட்பார்கள். அப்புறம், உங்கள் வீடு அந்த இடத்தை ஒட்டி இருந்தால் அதை மனுவிலேயே சொல்லிவிடுங்கள். மறைத்தால் எதிர்த்தரப்பு அதையே பிடித்துக்கொள்ளும்.