ஹாலோவீன் முத்தொகுப்பு: ஆறாத காயமும் கும்பல் நீதியும் (கேள்வி பதில்)

(கதை முடிவுகள் வெளிப்படும். படங்களைப் பார்த்துவிட்டு வாசியுங்கள்.)

கேள்வி: ஹாலோவீன் திகில் பட வரிசையில் ஏகப்பட்ட படங்கள் இருக்கின்றன. முகமூடிக் கொலைகாரன் மைக்கேலிடமிருந்து முதல் படத்தில் தப்பிய லாரி ஸ்ட்ரோடின் மனக்காயத்தைப் பின்தொடர எவை போதும்?

பதில்: 1978 படம், அடுத்து நேராக டேவிட் கார்டன் கிரீன் இயக்கிய 2018, 2021 (கில்ஸ்), 2022 (எண்ட்ஸ்). நடுவில் வந்தவற்றை இவை கணக்கில் எடுப்பதில்லை. மைக்கேல் லாரியின் அண்ணன் என்ற 1981 சங்கதியும் இதில் கிடையாது.

கேள்வி: 40 வருஷம் கழித்தும் ஒருத்தி அதே பயத்தில் இருப்பாளா அண்ணா? மிகையாகத் தெரிகிறதே.

பதில்: மிகையே இல்லை. பி.டி.எஸ்.டி. (பேரதிர்ச்சிக்குப் பிறகு நீடிக்கும் மனப் பாதிப்பு) என்ற பெயர் அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில் ஏறியதே 1980இல்தான். இன்று அதன் அறிகுறிகளை நான்காகப் பிரிக்கிறார்கள்: நடந்தது திரும்பத் திரும்ப மனதில் வருவது, அதை நினைவூட்டுவதையெல்லாம் தவிர்ப்பது, எண்ணமும் மனநிலையும் இருண்டுபோவது, எந்நேரமும் உஷாராகவே இருப்பது. கடைசி அறிகுறியை 2018 படம் ஒரு வீடாகவே கட்டிக் காட்டுகிறது. சமையலறை மேடை நகர்ந்தால் நிலவறை. வெளியே பொம்மைகளை நிறுத்திச் சுட்டுப் பயிற்சி. அதைவிட வலிப்பது மகள் கேரன். சண்டைக்கே பழக்கி வளர்த்ததால் 12 வயதில் அவளை அதிகாரிகள் தாயிடமிருந்து பிரித்துவிடுகிறார்கள். கொலைகாரன் தொடாத தலைமுறைக்கும் காயம் போய்ச் சேர்கிறது. மூன்று படங்களிலும் நேர்மையான எழுத்து இதுதான் என்பேன்.

கேள்வி: கில்ஸ் படத்தின் ஆஸ்பத்திரிக் காட்சி ஏன் பலருக்கு ஒட்டவில்லை?

பதில்: 1978இல் லாரி பார்த்துக்கொண்ட சிறுவன் டாமி டாயில், வளர்ந்து ஊரைத் திரட்டுகிறான். மனநல நோயாளிகளை ஏற்றிச் சென்ற பஸ்ஸிலிருந்து மைக்கேலோடு தப்பிய இன்னொரு நோயாளியை மைக்கேல் என்றே நினைத்துக் கும்பல் துரத்த, அவர் ஜன்னல் வழியே குதித்துச் சாகிறார். கரு வலுவானது, முகமூடிக்குப் பின்னால் இருக்கும் முகம் யாருக்கும் தெரியாதே. ஆனால் அவர் குள்ளம், உடல்வாகே வேறு. பார்த்த நொடியில் நமக்குத் தெரிந்துவிடுவதால் கும்பலின் தவறில் நமக்குப் பங்கில்லாமல் போகிறது. 1988இல் வந்த நான்காம் பாகத்தில், புதருக்குள் அசைவைப் பார்த்துச் சுட்டு உள்ளூர்க்காரரையே கொன்றுவிடுவார்கள். சின்னக் காட்சிதான், ஆனால் உறைக்கிறது.

கேள்வி: குறும்படத்துக்குக் கும்பல் காட்சி எழுதுகிறேன். எதைக் கவனிக்க?

பதில்: வதந்தி ஒரே வாயில் தொடங்கட்டும். அடையாளம் அரைகுறையாக இருக்கட்டும்: சட்டை நிறமோ நடையோ போதும். உண்மை தெரிந்த ஒருவரைக் கூட்டத்துக்குள்ளேயே வையுங்கள். அவர் கத்துவது கோஷத்தில் அமுங்க வேண்டும். நெருக்கமான ஃபிரேமும் அதற்கு வெளியிலிருந்து வரும் சத்தமும் இருந்தால் பன்னிரண்டு பேரே போதும். பலரும் கோட்டைவிடுவது சாவுக்குப் பிறகுதான். உடனே கட் செய்யாதீர்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் அவர்கள் கலையும் வரை கேமரா நிற்கட்டும்.

கேள்வி: எண்ட்ஸில் மைக்கேலைக் குறைத்துவிட்டு கோரி என்ற இளைஞனை ஏன் கொண்டுவந்தார்கள்?

பதில்: பழி எப்படி ஆளை உருவாக்குகிறது என்று காட்டத்தான். 2019இல் கோரி பார்த்துக்கொண்ட சிறுவன் விபத்தில் இறக்கிறான். ஊர் கோரியைக் கொலைகாரனாகவே நடத்துகிறது. துணிச்சலான யோசனை. ஆனால் கடைசியில் மைக்கேலின் உடலை கார் கூரையில் கட்டி, ஊரே ஊர்வலமாகப் போய், பழைய இரும்புக் கிடங்கின் அரவை இயந்திரத்தில் போடுகிறது. அதைப் படம் நிம்மதியாகக் காட்டுகிறது. கோரிக்கு இதே ஊர் செய்ததைப் பற்றி அங்கே யாரும் வாய் திறப்பதில்லை.