பாதியில் ஒட்டிக்கொள்ளும் கைடுவயர்

வணக்கம் தங்கச்சி. பினாங்கில் கேத் லேபில், அதாவது இரத்தக்குழாய் வழியாக இதயச் சிகிச்சை செய்யும் அறையில், புதிதாகச் சேர்ந்திருக்கிறீர்கள். வழுவழுப் பூச்சுள்ள 0.035 அங்குல கைடுவயர் (கத்தீட்டருக்கு வழிகாட்டும் மெல்லிய கம்பி) முதலில் நன்றாக ஓடி, பாதியில் கத்தீட்டர் குழாய்க்குள் பிடித்துக்கொள்கிறது, டாக்டர் கோபிக்கிறார் என்று எழுதியிருந்தீர்கள். வயர் காய்ந்துபோகிறது என்றுதான் நினைக்கிறேன்.

அந்தப் பூச்சு தண்ணீரைக் குடித்தால்தான் விரால் மீன் மாதிரி வழுக்கும். ஏர்கோன் குளிரில் மேசைமேல் சும்மா கிடந்தால் பசைபோல் ஆகிவிடும். வெளியே எடுக்கும் முன்பே அது சுருட்டி வரும் வளையக் குழாய்க்குள் சலைன் (உப்புநீர்) ஏற்றுங்கள். ஒவ்வொரு முறை வெளியே வரும்போதும் சலைனில் நனைத்த துணியால் துடையுங்கள். காய்ந்த துணி வேண்டாம், ஆல்கஹால் கூடவே கூடாது, பூச்சு கெட்டுவிடும். கத்தீட்டரையும் ஹெப்பரின் (இரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்து) கலந்த சலைனால் அலசுங்கள், உள்ளே உறைந்த இரத்தமும் வயரைப் பிடிக்கும்.

அப்புறம், இது உயிர் சம்பந்தப்பட்டது: இந்த வயரை, இரத்தக்குழாயில் குத்திய உலோக ஊசி வழியாகப் பின்னுக்கு இழுக்க விடாதீர்கள். ஊசி விளிம்பு பூச்சைச் சீவிவிடும், சீவல் இரத்தக்குழாயிலேயே தங்கிவிடும். கோலாலம்பூரில் நான் பயிற்சியில் இருந்தபோது, அப்படி இழுத்த வயரில் நகக்கண் அளவுக்கு உரிந்திருந்ததைப் பார்த்தேன். அன்று முழுக்கச் சாப்பாடு இறங்கவில்லை. ஊசிக்குள் முதலில் விட, பூச்சில்லாத எஃகு வயரை எடுத்துக் கொடுங்கள்.