நிழலுக்கும் நிறம் உண்டு: சித்திர ரீச்சரின் கேள்வி – பதில்

கேள்வி: ரீச்சர், மகள் தரம் 10இல் சித்திரம் படிக்கிறாள். அம்மம்மாவைத் திண்ணையில் இருத்திப் படம் கீறினாள். கண், மூக்கு, வாய் எல்லாம் அச்சொட்டு. கன்னத்திலும் நாடியிலும் நிழல் போட்டதும் முகம் கரி பூசினதுபோல் ஆகிவிட்டது. போன மாதம் நோரா நீல்சன் கிரே என்ற ஸ்கொட்லாந்து ஓவியரின் பெயரை எழுதி, நிழலை அவவிடம் படிக்கவேணும் என்றீர்கள். அவ யார்?
– ஒரு தாய், சுன்னாகம்

பதில்: மகள் நிழலுக்குக் கறுப்பு வர்ணத்தைக் கலந்திருப்பாள், அம்மா. நானும் பத்து வருடம் அதைத்தான் செய்தேன், பிள்ளைகளுக்கும் அதையே சொல்லிக்கொடுத்தேன். அந்தப் பிள்ளைகளை நினைத்தால் இன்றைக்கும் மனம் உறுத்தும்.

நோரா 1882இல் கிளைட் ஆறு கடலோடு சேரும் பக்கத்தில் உள்ள ஹெலன்ஸ்பரோவில் பிறந்தவர். 1901இல் கிளாஸ்கோ ஓவியக் கல்லூரியில் சேர்ந்து, 1906இலிருந்து அங்கேயே உடை அலங்காரப் படம் கீறப் படிப்பித்தார். கில்மகொம் என்ற ஊரின் சென் கொலம்பாஸ் பாடசாலையிலும் சித்திர ரீச்சராக இருந்தார். அந்தப் பெண்பிள்ளைகள் அவருக்கு வைத்த பட்டப்பெயர் ‘ஊதாத் திட்டு’. நிழலைச் சாம்பல் நிறம் என்று சொன்னால் விடமாட்டாராம். கிட்டப் போய்ப் பார், அதற்குள் நிறம் இருக்கிறது என்பாராம். ஒரு சித்திர ரீச்சருக்கு இதைவிட மரியாதையான பட்டம் கிடைக்காது என்பது என் எண்ணம்.

இனி உங்கள் திண்ணைக்கு வருவோம். பின்னேரம் நாலு மணிக்கு அம்மம்மாவைத் திரும்பவும் அதே இடத்தில் இருத்துங்கள். நெற்றியில் வெயில் மஞ்சளாக விழும். வெயில் படாத கன்னத்துக்கு வெளிச்சம் எங்கேயிருந்து வருகிறது? திறந்த வானத்திலிருந்து. ஆகவே அங்கே நீலம் படிந்திருக்கும். இப்போது மகளைக் குந்தியிருந்து நாடியின் கீழே பார்க்கச் சொல்லுங்கள். உங்கள் முற்றம் செம்பாட்டு மண்ணல்லவா? வெயில் அதில் பட்டுத் தெறித்து, நாடியின் அடியில் செம்மை ஏறியிருக்கும். அதே அம்மம்மா மணற்காட்டு வெள்ளை மணலில் இருந்தால் அந்தச் செம்மை வராது. வெள்ளைச் சேலை உடுத்தியிருந்தால் கழுத்தடி இன்னும் வெளிச்சமாகத் தெரியும். ஒரே முகம்தான், ஊருக்கு ஊர் நிழல் வேறு.

எங்கள் மாநிற முகத்துக்கு பேர்ன்ட் சியன்னா என்ற செம்பழுப்பு வர்ணத்தில் அல்ட்ராமரீன் நீலம் கொஞ்சம் சேர்த்தால் போதும். ஊதா வேண்டிய இடத்தில் கிரிம்சன் என்ற கருஞ்சிவப்பு ஒரு சொட்டு. தாளில் பூசமுதல் கொப்பி ஓரத்தில் பூசிக் காயவிட்டுப் பார்க்கட்டும். நீர்வர்ணம் காய்ந்தால் வெளிறும்.

கேள்வி: நான் புதிதாக நியமனம் கிடைத்த சித்திர ஆசிரியன். பாடசாலை முடிந்து வீடு வர மூன்று மணி. படிப்பித்துக்கொண்டே ஓவியனாகவும் இருக்க முடியுமா?
– ஒரு வாசகர், பருத்தித்துறை

பதில்: முடியும், தம்பி. நோரா கல்லூரியில் படிப்பித்த காலத்திலேயே, 1910 அளவில், கிளாஸ்கோவின் பாத் வீதியில் தனக்கென்று ஒரு வேலைக்கூடம் வைத்திருந்தார். முதலாம் உலகப் போரில் பிரான்சின் ருவாயோமோன் மடாலயத்தில் இயங்கிய ஸ்கொட்லாந்துப் பெண்கள் வைத்தியசாலைக்குத் தொண்டராகப் போய்த் தாதி வேலை பார்த்தார். டொக்டர்கள் முதற்கொண்டு பெண்களே நடத்திய வைத்தியசாலை அது. பிரித்தானியப் போர் அலுவலகம் வேண்டாம் என்று தட்டிக்கழித்த பெண்களைப் பிரெஞ்சுக்காரர் ஏற்றுக்கொண்டார்கள். காயக்காரரைப் பார்த்து மிஞ்சிய நேரத்தில்தான் நோரா கீறினார். மடாலயத் தாழ்வாரத்தில் டொக்டர் பிரான்சிஸ் ஐவன்ஸ் ஒரு பிரெஞ்சு நோயாளியைப் பரிசோதிக்கும் அவருடைய 1920ஆம் ஆண்டு ஓவியம் லண்டன் போர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

அவர் ஒரு பெல்ஜிய அகதியையும் கீறியிருக்கிறார். அந்தப் படத்தைப் பற்றி வாசித்த அன்று எனக்கு நித்திரை வரவில்லை. 1995 ஒக்டோபரில் போருக்குப் பயந்து எங்கள் சனம் முழுக்க யாழ்ப்பாணத்தை விட்டு நாவற்குழிப் பாலத்தால் நடந்தபோது, என் படங்களெல்லாம் வீட்டு அலுமாரியோடு போயின. தென்மராட்சியில் ஒரு பாடசாலை வகுப்பறையில் எட்டுக் குடும்பம் இருந்தோம். மூலையில் ஒரு கிழவர் வாங்கில் சாய்ந்து வீட்டுத் திறப்புக் கோர்வையை உருட்டிக்கொண்டே இருப்பார். கணக்குக் கொப்பியின் பின்பக்கத்தில் பென்சிலால் அவரைக் கீறினேன். எனக்கு மிஞ்சியிருக்கும் ஆகப் பழைய படம் அதுதான். கையில் நேரமும் இல்லை, வர்ணமும் இல்லை, தம்பி. கீறாமல் இருக்க முடியவில்லை.

நேரத்தைப் பற்றி இன்னொன்று. நான் படிப்பித்த ஓரிடத்தில் சோதனை நெருங்கினால் சித்திரப் பாடவேளையைக் கணக்குக்கு எடுத்துவிடுவார்கள். மூன்று வருடம் வாய் திறக்காமல் இருந்தேன். அது பிழை. நீங்கள் முதல் தவணையிலேயே அதிபரிடம் போய்க் கதையுங்கள்.

நோராவுக்கு 1921இல் பரிஸ் சலோன் கண்காட்சியில் வெண்கலப் பதக்கமும் 1923இல் வெள்ளியும் கிடைத்தன. 1931இல், 48 வயதில், புற்றுநோயால் இறந்தார். உங்களுக்கு மூன்று மணிக்குப் பிறகு பொழுதுபட இன்னும் மூன்று மணித்தியாலம் இருக்கிறது.

கேள்வி: அப்படியென்றால் கறுப்பு வர்ணம் வாங்கவே கூடாதா ரீச்சர்?
– தரம் 8 மாணவி, கோப்பாய்

பதில்: வாங்குங்கோ பிள்ளை. மஞ்சளில் மட்டுமட்டாகக் கறுப்பைக் கலந்து பாருங்கோ, முற்றிய பனையோலையின் பச்சை வரும். முகத்துக்கு மட்டும் கொண்டுபோகவேண்டாம்.