பதில்: ‘வலையில் சூரியன்’ பாதியிலேயே குழம்பிவிட்டது, யார் யாரைக் காதலிக்கிறார்கள்?

குழப்பம் உங்கள் மேல் இல்லை. ஷ்டெஃபான் உஹர் 1962இல் எடுத்த இந்த ஸ்லோவாக் படம் கதையை நேராகச் சொல்லாது. ஃபயோலோவும் பேலாவும் பிராத்திஸ்லாவா நகரத்தில் காதலர்கள், அடிக்கடி முட்டிக்கொள்பவர்கள். அவன் அறுவடை வேலைக்குக் கிராமம் போகிறான்; யானா என்ற பெண் அங்கே பழக்கமானவள். நகரத்தில் பேலாவுடன் சுற்றுபவன் பெத்யோ. அவ்வளவுதான் முடிச்சு.

இதைத் தெரிந்துகொண்டு முதலிலிருந்து பாருங்கள். வசனத்தைத் துரத்தாமல், ஸ்தனிஸ்லாவ் சோமொலான்யியின் கேமரா எதில் நிற்கிறது என்று கவனியுங்கள்: மொட்டைமாடியில் காடாய் நிற்கும் ஆன்டெனாக்கள், ஃபயோலோ எடுக்கும் கைகளின் புகைப்படங்கள். பேலாவின் அம்மாவுக்குக் கண் தெரியாது. அவரிடம் பிள்ளைகள் எதை உள்ளபடி சொல்கிறார்கள், எதை மாற்றிச் சொல்கிறார்கள் என்பதில்தான் படத்தின் உயிர் இருக்கிறது. என்னைக் கேட்டால் காதலைவிட இதுதான் கனமான பகுதி. அந்தப் பார்வையற்ற தாயையும் படத்தில் மேகம் மறைத்த சூரிய கிரகணத்தையும் ஆளும் கம்யூனிஸ்ட் கட்சியைக் குத்திக்காட்டுவதாக எடுத்துக்கொண்டு, அப்போதைய ஸ்லோவாக் கட்சித் தலைவர் கரோல் பட்சீலெக் படத்தையே எதிர்த்தார்.

அப்புறம், ஹெட்போன் போட்டுப் பாருங்கள். இல்யா ஸெல்யென்காவின் இசை போன் ஸ்பீக்கரில் வெறும் இரைச்சலாகத்தான் கேட்கும்.