வயதான பிறகு நடிகைகளுக்கு நல்ல வாய்ப்பே வராது என்பது உண்மையா? மீண்டு வந்தவர் யாராவது உண்டா?

உண்டு. ஹாலிவுட் நடிகை மேரி டிரெஸ்லர். 63வது பிறந்தநாளுக்கு மறுநாள், 1931 நவம்பர் 10 அன்று, 'மின் அண்ட் பில்' படத்துக்காகச் சிறந்த நடிகை ஆஸ்கரை வாங்கினார்.

அவர் கனடாக்காரராச்சே என்று யாராவது வரிந்துகட்டிக்கொண்டு வருவதற்குள் சொல்லிவிடுகிறேன்: பிறந்தது ஒன்டாரியோவின் கோபர்க், பேரும் பணமும் சம்பாதித்தது, இழந்தது, திரும்பச் சம்பாதித்தது எல்லாம் அமெரிக்காவில். போதுமா?

நீங்கள் சினிமாவைப் பற்றிக் கேட்டிருந்தாலும் கேள்வி உங்களுக்காகத்தான் என்று தோன்றுகிறது. நாற்பதைத் தாண்டி, வேலை போயோ போகப்போகிறது என்று தெரிந்தோ, தூக்கம் வராத ராத்திரியில் கேட்டிருப்பீர்கள். தப்பாக இருந்தால் மன்னியுங்கள், என் புத்தி அங்கேதான் போகிறது.

ஏனென்றால் 49 வயதில் எனக்கு வேலை போனது. ஒரு கம்பெனியின் கணக்குப் பிரிவில் 21 வருடம். பெயர் வேண்டாம். அடுத்த இன்டர்வியூவுக்கு, சர்டிபிகேட் எல்லாம் லேமினேட் செய்து பிளாஸ்டிக் ஃபைலில் போட்டு எடுத்துக்கொண்டு போனேன். எதிரே என் மகள் வயதுப் பையன். ஃபைலை அவன் பக்கம் நகர்த்தினேன். தொடவில்லை. "டீம்ல எல்லாரும் யங்கா இருக்காங்க மேடம், நீங்க கம்ஃபர்டபிளா இருப்பீங்களா?" என்றான். மரியாதையாகத்தான் கேட்டான், அதுதான் எரிச்சல்.

அன்று ராத்திரி போனில் எதையோ தேடப்போய் 'அன்னா கிறிஸ்டி' (1930) கண்ணில் பட்டது. ஊமைப்பட நட்சத்திரம் கிரேட்டா கார்போ முதன்முதலாகப் பேசிய படம், ஊரே அவர் குரலைக் கேட்கக் காத்திருந்ததாம். ஆனால் கார்போ வருவதற்கு முன்னாலேயே மதுக்கடையில் ஒரு கிழவி, அழுக்குத் துணியும் பாதி போதையுமாக, படத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். யார் இந்தம்மா என்று அப்போதுதான் தேடிப் படித்தேன். மேரி டிரெஸ்லராம்.

(சத்தம் சரியாகக் கேட்கவில்லை. எங்கள் அபார்ட்மென்டில் தண்ணீர் மோட்டாரை ராத்திரி பதினொரு மணிக்குத்தான் போடுவார்கள், அதுவும் என் படுக்கையறைக்கு நேர் கீழே.)

டிரெஸ்லர் பதினான்கு வயதில் வீட்டை விட்டு நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். 1890களிலேயே நியூயார்க்கின் நாடக உலகமான பிராட்வேயில் பெயர். 1914இல் வந்த 'டில்லிஸ் பங்க்சர்டு ரொமான்ஸ்' படத்தை இன்று சாப்ளின் படம் என்கிறார்கள், அன்று முதலில் போட்ட பெயர் இவருடையது. 1919இல் நியூயார்க்கில் நாடக நடிகர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது இவர் பெரிய நட்சத்திரம், பேசாமல் வீட்டில் இருந்திருக்கலாம். ஒத்திகைக்குச் சம்பளமே இல்லாமல் ஆடிக்கொண்டிருந்த கோரஸ் பெண்களின் சங்கத்துக்கு முதல் தலைவராகப் போய் நின்றார். வேலைநிறுத்தம் ஜெயித்தது. அதற்குப் பின் இவருக்கு வாய்ப்புகள் வற்றின. முதலாளிகள் கோபம் மட்டுமே காரணம் என்று அடித்துச் சொல்ல மாட்டேன், வயது, பருமன், மாறிவிட்ட ரசனை எல்லாம் உண்டு. ஆனால் கோபமே இல்லை என்று சொன்னால் நான் நம்ப மாட்டேன், 21 வருடம் முதலாளிகளைப் பார்த்தவள்.

பிறகு எப்படி வந்தார்? திறமை எப்படியும் மேலே வந்துவிடும் என்று கமென்டில் எழுதாதீர்கள். பிரான்சிஸ் மேரியன் என்ற பழைய சிநேகிதி எம்.ஜி.எம். என்ற ஹாலிவுட் ஸ்டுடியோவில் பெரிய திரைக்கதை எழுத்தாளர் ஆகியிருந்தார், அவர்தான் கூப்பிட்டுவிட்டார். 1927இல் எழுதிக் கொடுத்த முதல் படமே ஐரிஷ் அமெரிக்கர்கள் எதிர்ப்பில் திரும்பப் பெறப்பட்டது. மேரியன் விடவில்லை. அன்னா கிறிஸ்டியும் அவர் எழுத்து, மின் அண்ட் பில்லும் அவர் எழுத்து. 1932, 1933 இரண்டு வருடமும் தியேட்டர்காரர்கள் கருத்துக்கணிப்பில் வசூலில் முதல் இடம் இந்த அறுபது தாண்டிய பெண்மணிக்கு.

எனக்கும் அப்படித்தான். எத்தனையோ இடத்துக்கு அப்ளிகேஷன் போட்டதில் ஒன்றும் வரவில்லை. எப்போதோ வங்கிக் கணக்கை டேலி செய்யச் சொல்லிக்கொடுத்த ஒரு ஜூனியர் பெண் போன் பண்ணி, "அக்கா, நாலு கடைக்கு ஜிஎஸ்டி பார்க்கணும், நேரம் இருக்கா?" என்றாள். இப்போது பதினொரு கடை. ஆஸ்கர் இல்லைதான், சிரிக்காதீர்கள்.

பார்ப்பதென்றால் முதலில் 'டின்னர் அட் எய்ட்' (1933) கடைசி நிமிடத்தைப் பாருங்கள். இளம் நடிகை ஜீன் ஹார்லோ, அன்றைக்கு ஒரு புத்தகம் படித்தேன் என்று ஆரம்பிக்கிறார். பக்கத்தில் நடந்துகொண்டிருந்த டிரெஸ்லர் அந்த வார்த்தையே காலைத் தடுக்கியதுபோல் உடம்பு முழுக்கக் குலுங்கி நிற்கிறார். அப்போது வயது 64. அடுத்த வருடம் ஜூலையில் புற்றுநோயில் போய்விட்டார்.

"அந்தப் பாட்டி தடுக்கறதை எத்தனை தடவைதான்மா பார்ப்பே?" என்கிறாள் என் மகள்.